புள்ளியா? கோடா?

“தொலைக்காட்சியிலே செய்திக்கு முன்பாகக் கடிகாரம் காட்டுவார்களே, பார்த்திருக்கிறாயா குழந்தாய்? உங்கள் வீட்டிலே தெரிகிற கடிகாரத்தில், மணியைக் குறிக்கப் புள்ளி வைத்திருக்கிறார்களா, கோடு போட்டிருக்கிறார்களா?”

ஆசிரியை கேட்கிறார், அன்பு வழியக் கேட்கிறார். கணக்கிலே தடுமாறும் குழந்தைக்கும் இந்தக் கேள்விக்கு விடை தெரியும். துள்ளி எழுகிறது, கண்டதைக் கண்டபடி கூறுகிறது, பாராட்டை எதிர்பார்த்து ஆசிரியையின் முகத்தைப் பார்க்கிறது. பெற்ற தகப்பனையே காட்டிக் கொடுத்துவிட்டோம் என்பது அந்தத் தளிருக்குத் தெரியாது!

ஜெர்மன் ஜனநாயகக் குடியரசு எனப் பெயர் சூட்டிக்கொண்டு, 1949 முதல் 1990 வரையில் நிலவிய கிழக்கு ஜெர்மனியிலே பள்ளிப் பருவத்தைக் கழித்தவர் பலர், இன்றும் இந்தக் கேள்வியை நினைவு கூர்கின்றனர். பொதுவுடைமை அரசின் செய்தி ஒளிபரப்பிலே ஒரு கடிகாரம். எல்லைக்கு அப்பாலுள்ள மேற்கு ஜெர்மனியின் செய்தி ஒளிபரப்பிலே வேறொரு கடிகாரம். ஒன்றிலே புள்ளி, மற்றதிலே கோடு. குழந்தையின் வாய்ச்சொல் ஒன்று போதும், அந்த வீட்டுக் கூரையின் ஆன்டெனா எந்தத் திசை நோக்கி நிற்கிறது என்பது விளங்கிவிடும்.

நான் ஆசிரியத் தொழிலிலே புகுந்து சில ஆண்டுகளே ஆகின்றன. கேள்வி கேட்பதுதான் என் பிழைப்பு. அதனாலேதான் போலும், அந்நாட்டின் வரலாற்றைப் படிக்கப் புகுந்தபோது, பெர்லின் நகரின் மதிற்சுவரைக் காட்டிலும், முள்வேலியைக் காட்டிலும், இந்தச் சின்னஞ்சிறு கேள்வி என்னை மருட்டிற்று. ஒரு பேரரசு அல்ல, ஒரு பெட்டி! அந்தப் பெட்டிக்காக ஓர் ஆட்சி எத்தனை பாடுபட்டது, என்னென்ன செய்தது, எப்படித் தோற்றது என்பதைக் கூற முற்படுகிறேன்.

1952ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் 21ஆம் நாள், கிழக்கு பெர்லினின் ஆட்லர்ஸ்ஹோப் பகுதியிலிருந்து அந்நாட்டுத் தொலைக்காட்சி தன் சோதனை ஒளிபரப்பைத் தொடங்கிற்று. ஏன் அந்த நாள்? ஸ்டாலின் பிறந்தநாள்! பிறந்த அன்றே பிள்ளைக்கு ஞானத்தந்தை கிடைத்துவிட்டார். நான்கே நாள் கழித்து, கிறிஸ்துமஸ் நன்னாளிலே, மேற்கு ஜெர்மனியின் ஒளிபரப்பு தொடங்கிற்று. பங்காளிகள் இருவர், பாகம் பிரித்துக்கொண்ட ஒரே வீட்டிலே, யார் முற்றத்தில் முதலில் விளக்கேற்றுவது என்று போட்டியிட்டது போன்ற காட்சி!

1956 ஜனவரி 3ஆம் நாள் முறையான ஒளிபரப்பு தொடங்கியபோது அதற்கு இட்ட பெயர், ‘ஜெர்மன் தொலைக்காட்சி’ என்று பொருள்படுவது. கிழக்கு என்ற சொல்லே அதில் இல்லை. ஜெர்மானியர் அனைவருக்கும் தாமே வழிகாட்டி என்ற நினைப்பு. மேற்கு ஜெர்மானியரும் நம் முகம் பார்த்துத் திருந்துவர் என்ற நம்பிக்கை. 1972லேதான் ‘ஜெர்மன் ஜனநாயகக் குடியரசின் தொலைக்காட்சி’ என்று பெயரை மாற்றிக்கொண்டனர். அதற்குள் யார் யாருடைய முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தனர் என்பது உலகறிந்த செய்தியாகிவிட்டது.

செய்தித்தாள் என்பது கொள்கை பரப்புவது மட்டுமன்று, மக்களைத் திரட்டும் அமைப்பாளனும் அதுவே என்பது லெனின் வகுத்த பாடம். ஏட்டுக்கு வகுத்த பாடத்தை அப்படியே பெட்டிக்கும் பொருத்தினர். நாடகமும் பாட்டும் இருந்தன. விளையாட்டும் வேடிக்கையும் இருந்தன. எனினும் அவற்றின் நடுவே, மாலை ஏழரை மணிக்கு வரும் ‘ஆக்டுவெல்லே காமெரா’ என்ற செய்தி நிகழ்ச்சிதான் கருவறை. கட்சியின் மத்தியக் குழுவிலே கிளர்ச்சிப் பிரச்சாரத்துக்கென்று ஒரு துறை. அந்தத் துறை வகுப்பதுதான் செய்தி. வகுக்காதது நடந்திருந்தாலும் நடக்கவில்லை! ஹைன்ஸ் ஆடமெக் என்பார் 1954இலே தொலைக்காட்சியின் தலைமைப் பொறுப்பேற்றார். 1989 வரை அந்த நாற்காலியிலேயே இருந்தார். முப்பத்தைந்து ஆண்டுகள்! அவர் பொறுப்பேற்ற நாளில் பிறந்த குழந்தை, தன் குழந்தையைப் பள்ளிக்கு அனுப்பிவிட்ட பின்னரும் அவரே தலைவர்.

அந்தச் செய்தி எப்படி இருக்கும்? ஆட்சித் தலைவர் எரிக் ஹோனெக்கர் ஓர் ஆலைக்குச் சென்றார் என்று சொல்ல வேண்டுமென்றால், அவர் பெயர் மட்டும் சொன்னால் போதாது. ஜெர்மன் சோஷலிச ஐக்கியக் கட்சி மத்தியக் குழுவின் பொதுச் செயலாளரும், ஜெர்மன் ஜனநாயகக் குடியரசு அரசவையின் தலைவருமான எரிக் ஹோனெக்கர் என்று, மூச்சு வாங்க முழுதும் படித்தாக வேண்டும். திருப்பெயருக்கு முன் அடைமொழி அடுக்கும் வழக்கம் ஆதீனங்களுக்கு மட்டுமே உரியதென்று எண்ணியிருந்தேன்! அடுத்து, விளைச்சல் பெருகிற்று, திட்டம் நிறைவேறிற்று, இலக்கு தாண்டிற்று.

வீட்டிலே இரண்டு சாளரங்கள். ஒன்று ஒளிபெறும் கண்ணாடிச் சாளரம். அதிலே திட்டம் நிறைவேறுகிறது. மற்றொன்று மரச்சட்டமிட்ட பழைய சாளரம். அதிலே எட்டிப் பார்த்தால் கடைவாயிலில் வரிசை நிற்கிறது. ஒரு சிறு கார் வேண்டுமென்று விண்ணப்பித்தவர் பத்தாண்டுக்கு மேல் காத்துக் கிடக்கிறார். எந்தச் சாளரத்தை நம்புவார் அந்த வீட்டுக்காரர்?

மூன்றாவது சாளரம் ஒன்றும் இருந்தது. அதுதான் ஆட்சியாளரின் உறக்கத்தைக் கெடுத்தது. கிழக்கு ஜெர்மனியின் நடுவயிற்றிலே மேற்கு பெர்லின். எல்லை ஓரமெங்கும் மேற்கு ஜெர்மனியின் ஒளிபரப்புக் கோபுரங்கள். மொழியோ ஒன்று. ஆன்டெனாவை சற்றே திருப்பினால் போதும், அக்கரைச் செய்தி அடுக்களைக்கே வந்துவிடும். 1961 ஆகஸ்ட் 13ஆம் நாள் பெர்லினை இரண்டாக வெட்டிச் சுவர் எழுப்பினர். மனிதன் நின்றான், அலை நிற்கவில்லை. வானத்துக்கு யார் கொத்தனார்?

அடுத்த திங்களே கூரையேறினர்! கட்சியின் இளைஞர் அமைப்பினர் வீடு வீடாகச் சென்று, மேற்கு நோக்கிய ஆன்டெனாக்களைத் திருப்பினர். திருப்ப மறுத்த இடத்தில் முறித்தனர். பவேரியா மலையொன்றிலே நின்ற மேற்கு ஜெர்மனியின் ஒளிபரப்புக் கோபுரத்தின் பெயரால், ‘ஆக்ஸன்கோப் நடவடிக்கை’ என்று இதனை அழைத்தனர். ஆக்ஸன்கோப் என்றால் எருதுத்தலை என்று பொருள். பெயர் மலையைக் குறித்ததா, கூரையேறியவர்களைக் குறித்ததா என்று கேட்டுச் சிரித்திருப்பர், கீழே நின்ற கிழவர்கள்!

மக்கள் என்ன செய்தனர்? ஆன்டெனாவைக் கூரையிலிருந்து இறக்கிப் பரணுக்குள் வைத்தனர். பிள்ளைகளை அருகழைத்து, “இரவு பார்த்ததைப் பள்ளியிலே சொல்லாதே கண்ணே” என்று கற்பித்தனர். இங்குதான் நெஞ்சு வலிக்கிறது. உண்மையே பேசு என்று பிள்ளைக்குச் சொல்லித் தர வேண்டிய நல்ல தாய், நல்ல தகப்பன், பொய்யை முதற்பாடமாகச் சொல்லித் தரும்படி ஆயிற்று. வீட்டுக்கு ஒரு நாக்கு. வெளிக்கு ஒரு நாக்கு. அந்தத் தாயிடமிருந்து குழந்தையின் நாக்கை மீட்டெடுக்கத்தான் பள்ளியிலே புள்ளியா, கோடா என்ற கேள்வி! ஒரு ஐந்தாண்டுத் திட்டத்தின் தோல்வியை அடுத்த திட்டத்திலே ஈடு செய்யலாம். ஒரு தலைமுறைக்கு இரட்டை நாக்கு முளைத்துவிட்டால் எந்தத் திட்டத்தில் ஈடு செய்வது?

முறித்துப் பார்த்தும் முடியாதபோது, மறுத்துப் பேசிப் பார்த்தனர். அதற்கென ஒருவர் இருந்தார்: கார்ல் எட்வர்ட் பான் ஷ்னிட்ஸ்லர். பிரபுக் குடியிலே பிறந்து பொதுவுடைமை பேசியவர். 1960 மார்ச் 21 முதல் திங்கள்தோறும் இரவிலே ‘கறுப்புக் கனால்’ என்ற நிகழ்ச்சியை நடத்தினார். கனால் என்ற ஜெர்மன் சொல் தொலைக்காட்சி அலைவரிசையையும் குறிக்கும், சாக்கடையையும் குறிக்கும். மேற்கு ஒளிபரப்பிலிருந்து துண்டுகளை வெட்டியெடுத்து, ஒவ்வொன்றாகக் காட்டி, ஒவ்வொன்றையும் சாடுவார். சொல்வன்மை இருந்தது, கேட்போர்தான் இல்லை. அதற்கு முன்பு பழைய திரைப்படம் ஒன்றைப் போட்டுக் கூட்டம் சேர்ப்பர். படம் முடிந்து ஷ்னிட்ஸ்லர் தலை தெரிந்ததும் மக்கள் எழுந்துபோய்ப் பெட்டியை அணைப்பர். நாற்காலியிலிருந்து எழுந்து பெட்டியை அணைக்க ஆகும் நேரத்துக்கு ‘ஒரு ஷ்னிட்ஸ்’ என்று அளவை வைத்தனராம் நகைச்சுவையாளர். அரைப் பெயர்தான் அளவை, ஏனெனில் முழுப் பெயரையும் சொல்லி முடிப்பதற்குள் பெட்டி அணைந்துவிடும்! இப்படி 1,519 முறை அந்த நிகழ்ச்சி நடைபெற்றது.

வேடிக்கை என்னவென்றால், மேற்கு அலைகளே எட்டாத பகுதிகளும் அந்நாட்டிலே இருந்தன. எல்பே ஆற்றுப் பள்ளத்தாக்கிலுள்ள டிரெஸ்டன் நகர்ப்புறம் ஒன்று. வடகிழக்கு மூலையிலே கிரைப்ஸ்வால்ட் பக்கம் மற்றொன்று. ‘ஒன்றுமறியாதார் பள்ளத்தாக்கு’ என்று அண்டை மாவட்டத்தார் கேலி செய்தனர். ஏ.ஆர்.டி. என்ற மேற்கு ஜெர்மன் ஒளிபரப்பின் பெயருக்கு, ‘டிரெஸ்டன் நீங்கலாக’ என்று புது விரிவுரை எழுதினர். அந்தப் பள்ளத்தாக்கு மக்கள் மேற்கு ஒளிபரப்பின் துண்டுகளையேனும் பார்க்க வேண்டுமானால், ஷ்னிட்ஸ்லரைத்தான் பார்க்க வேண்டும்!

ஆட்சியாளரின் எண்ணப்படி பார்த்தால், டிரெஸ்டன் அவர்களுடைய சொர்க்கமாக விளங்கியிருக்க வேண்டும். பகைவன் குரல் கேளாத இடம்; அரசின் குரல் ஒன்றே ஒலிக்கும் இடம். அங்கு மக்கள் மற்றவரினும் மனநிறைவோடு வாழ்ந்திருக்க வேண்டுமல்லவா? நடந்ததோ நேர்மாறு. லைப்சிக் நகரின் இளைஞர் ஆய்வு நிலையம் 1980களின் இறுதியிலே திரட்டிய விடைகளைப் பிற்காலத்தில் ஹோல்கர் கெர்ன், யென்ஸ் ஹைன்முல்லர் என்ற இரு அறிஞர் ஆராய்ந்தனர். 2009இலே முடிவை வெளியிட்டனர். மேற்குத் தொலைக்காட்சி கிடைத்த பகுதியினரைக் காட்டிலும், கிடைக்காத பகுதியினரே ஆட்சிமீது மிகுந்த மனக்குறை கொண்டிருந்தனர்! நாட்டைவிட்டு வெளியேற விண்ணப்பித்தோரும் அங்குதான் மிகுதி. மதத்தை மக்களின் அபின் என்றார் மார்க்ஸ். மேற்குத் தொலைக்காட்சியே அந்த அபின் என்று தம் ஆய்வுக்குத் தலைப்பிட்டனர் அவ்விருவரும். பகலெல்லாம் பொறுத்தவன், இரவிலே அக்கரைப் பாட்டையும் படத்தையும் பார்த்துச் சற்று இளைப்பாறினான், மறுநாளும் பொறுத்தான். டிரெஸ்டன்காரனுக்கு அந்த இளைப்பாறலும் இல்லை. கண்ணாடிச் சாளரமும் மரச்சாளரமுமே எதிரெதிரே நின்றன. ஒப்பிட்டுப் பார்க்க மேற்கு தேவைப்படவில்லை, தெருவே போதுமானதாயிற்று.

ஹோனெக்கருக்கு இந்தக் கணக்கு அரைகுறையாகவேனும் புரிந்திருக்க வேண்டும். 1971இலே கட்சியின் தலைமைக்கு வந்த அவர், அவ்வாண்டு மாநாட்டிலேயே நம் தொலைக்காட்சியிலே ஒருவித அலுப்புத் தட்டுகிறது என்று வெளிப்படையாகக் கூறினார். 1973இலோ, மேற்கு ஒளிபரப்பை எவரும் விரும்பினால் போடலாம், விரும்பாவிட்டால் அணைக்கலாம் என்று பேசினார். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன் கூரையேறியவர்களின் உழைப்பு என்னவாயிற்று என்று அவரிடம் எவர் கேட்க முடியும்? எனினும் படைவீரருக்கும் காவலருக்கும் அந்தச் சலுகை இல்லை. ஆன்டெனாவை விட்டுவிட்டாலும் வண்ணத்திலே ஒரு வேலியை வைத்திருந்தனர். 1969 அக்டோபர் 3ஆம் நாள் வண்ண ஒளிபரப்பைத் தொடங்கியபோது, மேற்கு ஜெர்மனி கைக்கொண்ட முறையை விடுத்து, பிரெஞ்சு முறையைத் தேர்ந்தனர். இதனால் கிழக்கிலே விற்ற வண்ணப் பெட்டியிலே அக்கரை நிகழ்ச்சி கறுப்பு வெள்ளையாகவே தெரியும். தனிக் கருவி பொருத்தித்தான் அந்த வேலியைத் தாண்டினர்.

அதே நாளிலே பெர்லின் நகரின் நடுவே 365 மீட்டர் உயரத் தொலைக்காட்சிக் கோபுரத்தையும் திறந்தனர். கடவுளை மறுத்த ஆட்சி கட்டிய கோபுரம். வெயில் பட்டதும், உச்சியிலுள்ள எஃகு உருண்டையிலே பளிச்சென்று ஒரு சிலுவை தெரிந்தது! ஒளி தெறிக்கும் விதி அது, பாதிரியாரின் சூழ்ச்சியன்று. ஆயினும் ‘போப்பாண்டவரின் பழிவாங்கல்’ என்று பெர்லின்வாசிகள் பெயர் சூட்டி மகிழ்ந்தனர். விஞ்ஞானத்தின் பெயரால் ஆள்வோர், விஞ்ஞான விதியிடமே கேலிப் பொருளானது கண்டு நாமும் சிரிக்கலாம், தவறில்லை.

ஆட்லர்ஸ்ஹோப்பிலே வேலை செய்தவர் எல்லாரும் ஊதுகுழல்கள் என்று கூறினால் அது அநீதி. கலைஞர்கள் இருந்தனர். 1963 முதல் ‘பிரிஸ்மா’ என்ற நிகழ்ச்சி, மக்கள் எழுதிய குறைக் கடிதங்களை எடுத்துக்கொண்டு ஆலை மேலாளரையும் அலுவலரையும் கேள்வி கேட்டது. அலுவலருக்கு மேலே கேள்வி ஏறலாகாது, அவ்வளவுதான். பிராங்க் பையர் இயக்கிய ‘பொய்யன் யாக்கோப்’ என்ற படத்தை உருவாக்கியதிலும் அந்தத் தொலைக்காட்சிக்குப் பங்குண்டு. 1974 டிசம்பரிலே முதலில் திரையரங்கிலன்று, தொலைக்காட்சியிலேயே வெளியாயிற்று. யூரெக் பெக்கர் எழுதிய நாவலே படத்துக்கு அடிப்படை. நாஜிகள் யூதர்களை அடைத்து வைத்த சேரியிலே யாக்கோப் என்றொருவன். தன்னிடம் வானொலி இருப்பதாகக் கூறி, விடுதலைப் படை நெருங்குகிறது என்று நாள்தோறும் செய்தி புனைகிறான். மற்றவர் அந்தப் புனைவை உண்டு உயிர் வாழ்கின்றனர். ஆஸ்கார் பரிசுக்கு முன்மொழியப்பட்ட ஒரே கிழக்கு ஜெர்மன் படம் இது. பொய்ச் செய்தி சொல்லும் ஒருவனைப் பற்றி உண்மையான கலையைப் படைத்த நிலையம், அன்று மாலை ஏழரைக்கு என்ன செய்தி சொன்னதோ! யாக்கோப் பொய் சொன்னது பிறருக்காக. அதைத் தன் உயிரோடு சேர்த்துச் சொன்னான். ஆட்லர்ஸ்ஹோப்பின் செய்திக்கு அந்த மேன்மை கிடையாது.

பெக்கரின் கதி என்ன? 1976 நவம்பரிலே பாடகர் வோல்ப் பியர்மன் மேற்கு ஜெர்மனியிலே பாடச் சென்றார். சென்றவரின் குடியுரிமையைப் பறித்து, திரும்பி வராதே என்றது அரசு. பியர்மன் பாடலைக் கிழக்கு ஜெர்மன் பெட்டி காட்டவில்லை. அக்கரைப் பெட்டி முழுதும் காட்டிற்று. குடியுரிமைப் பறிப்பைக் கண்டித்து எழுத்தாளர்கள் கையொப்பமிட்டனர். அவர்களிலே பெக்கரும் ஒருவர். கட்சி அவரை நீக்கிற்று. 1977இலே அவர் நாட்டைவிட்டு வெளியேறினார்.

1989. லைப்சிக் நகரிலே அக்டோபர் 9ஆம் நாள் எழுபதினாயிரம் மக்கள் தெருவிலே திரண்டனர். அரசின் காமிரா அவர்களுக்காகக் காத்து நிற்கவில்லை. ஆரம் ரடோம்ஸ்கி, சீக்பெர்ட் ஷெப்கே என்ற இரு இளைஞர்கள், தேவாலயக் கோபுரமொன்றின் உச்சியிலே மறைந்திருந்து படமெடுத்தனர். படச்சுருள் கள்ளத்தனமாக எல்லை கடந்தது; மறுநாள் இரவே மேற்கு ஒளிபரப்பிலே ஏறி, அலைவழியாகக் கிழக்கு வீடுகளுக்கே திரும்பி வந்தது! எடுத்தவரைக் காப்பதற்காக, இத்தாலியப் படப்பிடிப்புக் குழு எடுத்தது என்று கூறினராம். லைப்சிக்கிலே நடந்ததை அடுத்த ஊரான் அறிய, செய்தி எல்லையை இருமுறை தாண்ட வேண்டியிருந்தது.

அதன்பின் எல்லாம் விரைவு. அக்டோபர் 18ஆம் நாள் ஹோனெக்கர் விலகினார். 30ஆம் நாள் ஷ்னிட்ஸ்லர் சில நிமிடம் பேசி விடைபெற்றார். நவம்பர் 4ஆம் நாள், பெர்லினிலே ஆட்சியை எதிர்த்துக் கூடிய பெருங்கூட்டத்தை அரசுத் தொலைக்காட்சியே நேரடியாக ஒளிபரப்பிற்று.

நவம்பர் 9. மாலை ஆறு மணிக்குக் கட்சித் தலைவர்களிலே ஒருவரான குந்தர் ஷபோவ்ஸ்கி செய்தியாளர்களைச் சந்தித்தார். அதையும் நேரடியாகவே ஒளிபரப்பினர். கூட்டம் முடியும் தறுவாயிலே, கையிலிருந்த தாளைப் புரட்டி, வெளிநாடு செல்வதற்கான புதிய விதியைப் படித்தார். மறுநாள் காலையில் வெளியிட வேண்டிய விதி அது. அது அவருக்குத் தெரியாது. எப்போது முதல் என்று செய்தியாளர் கேட்டனர். தாளைத் துழாவினார். தனக்குத் தெரிந்தவரை, உடனே, தாமதமின்றி என்றார்.

தொடக்க நாள் முதல் முப்பத்தேழு ஆண்டுகள் அந்தப் பெட்டி சொன்னதை மக்கள் நம்பவில்லை. எவரும் திருத்தாத, எவரும் ஒத்திகை பார்க்காத அந்த ஒரு விடையை நம்பினர்! எழுந்தனர், எல்லை வாயில் நோக்கி நடந்தனர். போர்ன்ஹோல்மர் தெருவின் எல்லை வாயிலிலே பணியிலிருந்த அதிகாரி ஹரால்ட் யேகர், உணவகத்திலே உண்டுகொண்டே அந்த ஒளிபரப்பைப் பார்த்துத் திகைத்தார். மேலிடத்திலிருந்து அவருக்குக் கட்டளை ஏதும் வரவில்லை. பெட்டியிலிருந்து வந்ததுதான் செய்தி. இரவு பத்தரை மணி அளவிலே, வெளியே செல்ல முறைப்படி விண்ணப்பிக்க வேண்டும் என்று அரசுத் தொலைக்காட்சி அறிவித்துப் பார்த்தது. அதைக் கேட்க வீட்டிலே யார் இருந்தனர்? சற்று நேரத்திலே மேற்கு ஒளிபரப்பு, மதிலின் வாயில்கள் விரியத் திறந்து கிடக்கின்றன என்று கூறிற்று. அந்த நொடியிலே அது உண்மையன்று. வாயில்கள் விரியத் திறக்கவில்லை. அந்தச் சொல்லைக் கேட்டு மேலும் மேலும் மக்கள் வந்து குவிந்தனர். பதினொன்றரை மணி அளவிலே யேகர் வாயிலைத் திறந்துவிட்டார்.

அதன் பின்னர் ஆட்லர்ஸ்ஹோப் சிறிது காலம் உண்மையாகவே தொலைக்காட்சி நிலையமாக இருந்தது. இளைஞர் நிகழ்ச்சியொன்றின் குழுவினர், தலைவர்கள் காவலுக்குள்ளே வாழ்ந்த வாண்ட்லிட்ஸ் குடியிருப்புக்குள் நுழைந்து, அங்கு என்ன இருக்கிறது என்பதை மக்களுக்குக் காட்டினர். அதே ‘ஆக்டுவெல்லே காமெரா’வை மக்கள் விரும்பிப் பார்க்கத் தொடங்கினர். பார்க்கத் தொடங்கிய வேளையிலே ஆயுள் முடிந்தது. இரு ஜெர்மனியும் 1990 அக்டோபர் 3ஆம் நாள் இணைந்தன. 1991 டிசம்பர் 31ஆம் நாளோடு அந்த ஒளிபரப்பு ஓய்ந்தது.

ஒருவர் மட்டும் தப்பினார். 1959 நவம்பர் 22ஆம் நாள், மேற்குக்காரர் தொடங்குமுன் தொடங்கிவிட வேண்டுமென்று அவசரம் அவசரமாக உருவாக்கிய பொம்மை அவர்: குழந்தைகளின் கண்ணிலே மணல் தூவி உறங்க வைக்கும் வெண்தாடிக் குள்ளர், மணல் மனிதர். 1978இலே சிக்மண்ட் யேனுடன் விண்வெளிக்கும் சென்று வந்தவர்! மேற்கு ஜெர்மனியின் மணல் மனிதர் ஓய்ந்துவிட்டார். கிழக்கின் மணல் மனிதர் இன்றும் மாலைதோறும் ஜெர்மன் குழந்தைகளைக் காண வருகிறார். எந்த மணல் மனிதரைப் பார்த்தாய் என்று மறுநாள் பள்ளியிலே எவரும் கேட்பதில்லை.